பூமணி பாடாத இரண்டு வரிகள்

மகன்,

உன் அத்தியாயம் வந்து சேர்ந்தது. போனில் அந்தப் பொடி எழுத்து எனக்குப் பிடிபடாது என்று சந்திக் கடையில் அச்செடுத்து வந்து, முன் விறாந்தையில் இருந்து மூன்று தரம் வாசித்தேன். நன்றாக எழுதியிருக்கிறாய். பெற்றவள் சொல்கிறாள் என்று தள்ளிவிடாதே. முப்பது வருசம் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளின் தமிழ்க் கட்டுரையில் சிவப்பு மையால் கோடிழுத்தவள் நான். நல்லது என்ற சொல் என் வாயில் சுலபத்தில் வராது, அது உனக்கே தெரியும். நீரில் போனவர்களைக் கரையில் நிற்கிறவர்கள் எப்படிப் பாடுகிறார்கள் என்று நாடு நாடாய்த் தேடிப் போயிருக்கிறாய். ஸ்கொட்லாந்துக் கரையில் கடல்நாயின் தோலைக் கழற்றி வைத்துவிட்டுப் பெண்ணாக வந்து குடித்தனம் நடத்தியவளின் கதை வருகிறது. கிரேக்க மாலுமிகளைப் பாறைக்கு இழுத்த குரல்களின் கதை வருகிறது. நீ இப்போது இருக்கிற பின்லாந்துக்குக் கிழக்கே, கரேலியப் பெண்கள் இறந்தவரின் பெயரைச் சொல்லாமலே சுற்றிச் சுற்றி அழுகிற வழக்கமும் வருகிறது. எல்லாவற்றுக்கும் மேலே, முதல் பக்கத்தின் உச்சியில், உன் அம்மாவின் புத்தகத்தில் இருந்து நாலு வரி எடுத்துப் போட்டிருக்கிறாய். "இந்த நாலு வரியிலதான் என்ட முழு வாதமும் நிக்குது அம்மா" என்று குரல் செய்தியும் அனுப்பியிருந்தாய். இந்த மாதக் கடைசியில் பல நாட்டு ஆய்வாளர்கள் கூடுகிற மண்டபத்தில் இதை வாசிக்கப் போகிறாய். அதற்கு முன்னே இந்தக் கடிதம் உன் கைக்கு வந்துவிட வேண்டும்.

அந்த நாலு வரியையும் இன்னொரு தரம் எழுதுகிறேன்.

கண்டலடித் தோணியெல்லாம் கரையேறி வந்திட்டுது
உங்கட தோணி மட்டும் ஒத்தையாய் நிக்குதிங்க
வாவியிலே பாடும் மீனே, வாய்ப்பாட்டு யார் தந்தார்?
ஆழத்தில் தூங்கும் என்ட ஆசைமச்சான் குரல்தானோ?

முதல் இரண்டு வரியும் பனிச்சங்கேணிப் பூமணி பாடியவை. பின் இரண்டு வரியும் அவள் பாடியவை அல்ல. நான் எழுதியவை. நாவற்குடாவில் இதே வீட்டில், சாப்பாட்டு மேசையில் இருந்து, ஒரு சனிக்கிழமை பின்னேரம் மூன்று தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு நாலாவது தாளில் எழுதினேன். உன் வாதம் நிற்கிற இடத்தில் என் பொய் கிடக்கிறது, மகன்.

இதை உனக்கு மட்டும் எழுதி உறையில் போட்டு ஒட்டியிருக்கலாம். அப்படித்தான் முதலில் நினைத்தேன். நம் சபையில் ஞாயிறுதோறும் எல்லாரும் சேர்ந்து பாவ அறிக்கை சொல்கிறோம்; சேர்ந்து சொல்வதால் யாருக்கும் வெட்கமில்லை, ஆராதனை முடிந்து வெளியே வந்து மீன் விலை கதைக்கத் தொடங்கிவிடுகிறோம். அந்த மாதிரி அறிக்கை இதற்குப் போதாது. நான் பொய்யை அச்சடித்து ஊருக்குக் கொடுத்தவள். ஊர் அறியச் செய்ததை ஊர் அறியத்தான் திருத்த வேண்டும். ஆகையால் இதன் ஒரு பிரதியைப் பத்திரிகைக்கும் கொடுக்கிறேன். நீ முதலில் வாசித்துவிட வேண்டும் என்பதற்காக ஒரு கிழமை பிந்திப் போடச் சொல்லியிருக்கிறேன்.

நீ பிறப்பதற்கு முந்தின வருசம் நான் பூமணியைக் கண்டேன். பள்ளிக்கூட விடுமுறைகளில் வாவிக்கரை ஊர்களுக்குப் போய்ப் பாட்டுச் சேகரிப்பது எனக்கு அப்போது ஒரு பைத்தியம். பழைய ரேப் ரெக்கோடர் ஒன்று, நாலு பற்றரி, நாலைந்து கசெற், இவ்வளவுதான் முதல். யுத்த காலம், பற்றரி கிடைப்பதே பெரும்பாடு. ஆமிச் சாவடிகளில் கசெற்றைப் போட்டுக் காட்டச் சொல்வார்கள். நெல்லுக் குத்துகிற பாட்டைக் கேட்டுவிட்டுச் சிரித்துக்கொண்டு விடுவார்கள். பனிச்சங்கேணியில் எனக்குத் தெரிந்த ஒரு ரீச்சர் கூட்டிக்கொண்டு போய்ப் பூமணியின் வீட்டு வளவில் விட்டாள். முப்பது வயது இருக்கும். இரண்டு பெண் பிள்ளைகள். நெற்றியில் பெரிய பொட்டு. அவளுடைய புருசன் ஐந்து மாதத்துக்கு முன்னே ஒரு காலை தோணியோடு போனவர் திரும்பவில்லை. தோணி மட்டும் கண்டல் மரங்களின் பக்கம் நின்றது. யார் கொண்டுபோனது, எங்கே கொண்டுபோனது என்று வாய்விட்டுக் கேட்கிற காலம் அல்ல அது. இறால் உரித்துக்கொண்டு இருந்தவள், "ரீச்சர், எனக்குப் பாட்டெல்லாம் தெரியா. சும்மா வாயில வாறதத்தான் படிப்பன்" என்றாள். அதுதான் வேண்டும் என்றேன். இறாலின் தலையைக் கிள்ளிக் கிள்ளிப் போட்டபடியே பாடினாள். கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. வாவிப் பக்கம் இருந்து காற்று இரைந்துகொண்டிருந்தது.

வீட்டுக்கு வந்து எழுதி எடுத்தபோது, கடைசி இரண்டு வரியும் காற்றில் அடிபட்டுப்போய்விட்டன என்று குறிப்பேட்டில் எழுதினேன். "தெளிவில்லை" என்று அடைப்புக்குள் போட்டிருந்தால் என் கதை அங்கேயே முடிந்திருக்கும். நீயும் உன் ஆசிரியர்களும் இப்போது அப்படித்தான் போடுகிறீர்கள். நான் போடவில்லை. அரை உடம்போடு ஒரு பாட்டை எப்படிப் புத்தகத்தில் நிறுத்துவது? அதுவும் மட்டக்களப்பு வாவிப் பாட்டு! மட்டக்களப்பு என்றால் மீன் பாட வேண்டாமா? எங்கள் வாவியில் மீன் பாடும் என்று உலகத்துக்கே சொல்லி வைத்திருக்கிறோம். ஊர்ச் சின்னத்திலும் மீன், கடைப் பெயரிலும் மீன். நானோ வாவிக்கரையில் பிறந்து வளர்ந்து இத்தனை வயதாகியும், ஒரு நாளும் மீன் பாடிக் கேட்டதில்லை. கேட்டதில்லை என்று சொல்லவும் வெட்கம். அந்த மீனைக் கொண்டுவந்து பூமணியின் வாயில் வைத்தேன். ஆளைக் கொண்டுபோய் ஆழத்தில் படுக்கவைத்தேன். மேலே "ஒப்பாரி" என்று தலைப்புப் போட்டேன். கீழே "பாடியவர்: பூமணி, பனிச்சங்கேணி" என்று போட்டேன். பாடினவரின் பெயரைப் போட வேண்டும் என்பது நம் துறையின் மரியாதை அல்லவா? நான் அந்த மரியாதையில் ஒரு குறையும் வைக்கவில்லை.

புத்தகம் வந்தபோது எல்லாரும் அந்தப் பாட்டைத்தான் பிடித்துக்கொண்டார்கள். வெளியீட்டு விழாவில் பேசினவர் அந்த இரண்டு வரியையும் சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "பாமரப் பெண்ணின் வாயில் இப்படி ஒரு கற்பனையா" என்றார்கள். உன் அப்பா முன் வரிசையில் இருந்து என்னைப் பார்த்துச் சிரித்தார். அவருக்கும் நான் சொல்லவில்லை. அந்தப் புகழை நான் வாங்கவில்லையே, பூமணிக்குத்தானே கொடுத்தேன் என்று எனக்கு நானே நியாயம் வைத்துக்கொண்டேன். திருடினால்தானே குற்றம், கொடுத்தால் என்ன குற்றம் என்று நினைத்தேன். ஒருவருக்கு அவர் கேட்காததைக் கொடுப்பதும் திருட்டுத்தான் என்று எனக்கு அப்போது உறைக்கவில்லை.

உன் அத்தியாயத்தில் ஒரு பந்தி என்னைக் கொன்றுபோட்டது. முதல் இரண்டு வரியில் பேச்சு இருக்கிறது, பின் இரண்டு வரியில் கவிதை வந்துவிடுகிறது, இப்படித் துயரம் முற்றுகிற இடத்தில் மொழி உயர்வதை வேறு நாட்டு அழுகைப் பாடல்களிலும் காணலாம் என்று ஒன்றரைப் பக்கம் எழுதியிருக்கிறாய். மகன், அங்கே மொழி உயரவில்லை. ஆள் மாறியிருக்கிறது. ஒட்டுப் போட்ட இடத்தைச் சரியாகக் கண்டுபிடித்திருக்கிறாய். கண்டுபிடித்துவிட்டு, அம்மா செய்திருக்க மாட்டாள் என்ற நம்பிக்கையில் அதற்கு ஒரு தத்துவமும் சொல்லியிருக்கிறாய். உன் கண் பிழையில்லை. உன் நம்பிக்கைதான் பிழை, அதற்கும் காரணம் நான். இனிமேல் யாருடைய புத்தகமானாலும், அது எவ்வளவு மரியாதைக்குரிய கையில் இருந்து வந்தாலும், கசெற்றைக் கேள். கசெற் இல்லாவிட்டால் சந்தேகப்படு.

உனக்கு ஆறு வயதில் நடந்த ஒன்றை நினைத்துப் பார்க்கிறேன். கழுதைக் காது முளைத்த ராசாவின் கதையை உனக்குச் சொல்லியிருந்தேன். அம்பட்டனுக்கு ரகசியம் பொறுக்காமல் ஒரு மரத்திடம் சொல்ல, அந்த மரத்தில் செய்த மத்தளம் சபையில் அதையே அடித்துச் சொல்லும். எத்தனையோ நாட்டில் எத்தனையோ விதமாகச் சொல்கிற கதை. ஓரிடத்தில் நாணல், ஓரிடத்தில் கிணறு, ஓரிடத்தில் மூங்கில் காடு. நீ அதை அப்பாவோடு பிறந்த தன்னாமுனை மாமிக்குத் திருப்பிச் சொன்னாய். உன் கதையில் மரமும் இல்லை, மத்தளமும் இல்லை. அம்பட்டன் வாவிக்கரையில் ஒரு வளைக்குள் வாயை வைத்துச் சொல்கிறான். உள்ளே இருந்த நண்டு கேட்டுவிடுகிறது. அது பக்கப் பக்கமாய் நடந்து நடந்து, மெல்ல மெல்ல, ராசாவின் வீட்டுக்குப் போய்ச் சேருகிறது. மாமி விழுந்து விழுந்து சிரித்தாள். நான் உன்னைத் திருத்தினேன். "நண்டு இல்ல மகன், மத்தளம். திருப்பிச் சொல்லு" என்றேன். நீ திருப்பிச் சொல்லவில்லை. அதற்குப் பிறகு கதையே சொல்லவில்லை. ஒரே கதை ஊருக்கு ஊர் மாறுவது பிழையல்ல, அதுதான் அதன் உயிர் என்று மேடையில் பேசுகிற நான், வீட்டில் ஆறு வயதுப் பிள்ளையின் நண்டை அடித்துக் கலைத்தேன். அந்த நண்டு இத்தனை வருசமாய்ப் பக்கப் பக்கமாய் நடந்து இப்போது என் வாசலுக்கு வந்திருக்கிறது.

இனிச் சொல்லப்போவது இதைவிடக் கஷ்டமானது.

அப்பா போன நாள் உனக்கு நினைவிருக்கும். நம் மெதடிஸ்ட் பாதிரியார் ஜெபம் செய்துகொண்டிருக்க, தன்னாமுனையில் இருந்து மாமி வந்து வாசலிலேயே தலைவிரி கோலமாய் விழுந்து, ஜெபத்துக்கு மேலால் ஒப்பாரி வைத்தாள். கத்தோலிக்கக்காரி, அந்தோனியாரையும் கூப்பிட்டாள், செத்த தன் தாயையும் கூப்பிட்டாள். நான் பெட்டியின் தலைமாட்டில் இருந்தேன். என் விரல்கள் மடியில் தட்டிக்கொண்டிருந்தன. மாமியின் அடிக்கு எத்தனை சீர் என்று எண்ணிக்கொண்டிருந்தேன், மகன். என் புருசன் பெட்டிக்குள் கிடக்க, நான் சீர் எண்ணினேன். நீ அதைக் கண்டாய். என் கையை இறுக்கிப் பிடித்து, "அம்மா, இஞ்ச பாருங்க. அப்பா" என்றாய். அவ்வளவுதான் சொன்னாய். அதன் பிறகு நாம் இரண்டு பேரும் அதைக் கதைக்கவே இல்லை. கதைக்காமல் விட்டது உன் பெருந்தன்மை. நான் கதைக்காமல் விட்டது என் கோழைத்தனம்.

அப்பா நோய் வருத்தமாய்ப் படுக்குமுன் சொல்லிக்கொண்டிருந்தது ஒன்றே ஒன்று. பின் கதவின் கொண்டி தளர்ந்துபோய்க் கிடக்கிறது, ஆளைக் கூப்பிட்டுப் போடு என்பது. எங்கள் வழக்கப்படி அவர் என் வீட்டுக்கு வந்த மாப்பிள்ளை. "உங்கட வீடு, நீங்கதான் கூப்பிடணும்" என்று முப்பது வருசமாய் அதே பகிடி. நான் நாளைக்கு, நாளைக்கு என்றேன். நீ திரும்பிப் போன அடுத்த கிழமை தச்சர் வந்து கொண்டியைப் போட்டுவிட்டுப் போனார். நான் கதவைச் சாத்தி, கொண்டியைப் போட்டு, எடுத்து, இன்னொரு தரம் போட்டேன். பிறகு வெறும் அறையைப் பார்த்து, "கொண்டி போட்டாச்சு, கேட்டீங்களா" என்று சொன்னேன். சொன்னதும் அங்கேயே நிலத்தில் இருந்து அழுதேன். பெட்டிக்கு முன்னால் வராத அழுகை அப்போதுதான் வந்தது. அழுதுகொண்டிருக்கும்போதே, இறால் கிள்ளிக்கொண்டு பூமணி படித்த அந்தக் கடைசி இரண்டு வரியும் என் காதில் தெளிவாகக் கேட்டன.

காற்று இரைந்தது உண்மை. ஆனால் எனக்குக் கேட்டது. அன்றைக்கே கேட்டது. அலுமாரியில் இருந்து அந்தக் கசெற்றை எடுத்துப் போட்டுப் பார்த்தேன். இரைச்சலுக்கு நடுவே குரல் இருக்கிறது. கொஞ்சம் காது கொடுத்தால் ஒவ்வொரு சொல்லும் இருக்கிறது. அவள் படித்தது இது:

கிழிஞ்ச சாறம் தைக்கச் சொன்னீங்க, தச்சு மடிச்சு வச்சிருக்கன்
மாத்திக் கட்ட வந்திருங்க மச்சான், மழைக்கு முன்ன வந்திருங்க

எனக்கு அது கேட்டது, பிடிக்கவில்லை. அதுதான் உண்மை. ஆம்பிளை இடுப்பில் கட்டுகிற சாறம் ஒரு பாட்டுக்குள் வருவதா? கிழிசல் வருவதா? காதல், நிலா, மீன், ஆழம் என்று எதிர்பார்த்துக்கொண்டு போன எனக்கு, ஒரு பழைய சாறத்தைத் தைத்து வைத்திருக்கிறேன் என்று அவள் சொன்னது பாட்டாகவே படவில்லை. காற்றில் கேட்கவில்லை என்று குறிப்பேட்டில் எழுதியதால், நாளடைவில் நானே அதை நம்பினேன். ஒரு கொண்டி போட்ட பிறகுதான் எனக்குப் பூமணி விளங்கினாள். விளங்கின பிறகும் இரண்டு வருசம் வாயை மூடிக்கொண்டு இருந்தேன். உன் அத்தியாயம் வந்திராவிட்டால் இன்னும் இருந்திருப்பேன். அதையும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன்.

போன செவ்வாய்க்கிழமை விடியத் திருமலை பஸ் ஏறிப் பனிச்சங்கேணிக்குப் போனேன். முழங்கால் வலி, தனியே போகாதே என்று நீ ஏசுவாய் என்றுதான் உனக்குச் சொல்லவில்லை. பூமணி அதே வளவில் இருக்கிறாள். இப்போது கல்வீடு. தலை நரைத்துவிட்டது. நெற்றியில் அதே பெரிய பொட்டு. என்னைக் கண்டதும் எழும்பவில்லை. "ரீச்சரா? இவ்வளவு காலத்துக்குப் பிறகு இப்பதான் வழி தெரிஞ்சிதா?" என்றாள். பகிடி என்று நினைத்துச் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.

நான் சொல்ல வந்ததைச் சொல்லத் தொடங்கினேன். அவள் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"எனக்குத் தெரியும் ரீச்சர். பொத்தகம் வந்த அடுத்த வருசமே தெரியும். பள்ளிக்கூட விழாவில புள்ளையள் அதப் படிச்சு ஆடினதுகள். மைக்கில என்ட பேரச் சொல்லி, ஒப்பாரி எண்டு சொன்னாங்க. என்ட மூத்தவ அழுதுகொண்டு ஓடி வந்தா. அம்மா, அப்பா செத்திட்டாராம்மா, நீங்களாம்மா படிச்ச எண்டு கேட்டா. நான் என்னத்தச் சொல்ல?"

"பூமணி..."

"இருங்க. நான் சொல்லி முடிக்கிறன். மறுகா அவர்ட அக்கா வந்தா, என்ட மச்சாள். வெள்ளச் சீல ஒண்டக் கொண்டு வந்து இந்தா இவடத்த வச்சா. உயிரோட இருக்கிற ஆளுக்கு ஆராவது ஒப்பாரி படிப்பாங்களா, நீயே படிச்சிட்டாய், இனி என்ன பொட்டு எண்டு கேட்டா. நான் சீலையத் தொடல்ல. அவங்க அங்க அவர்ட பேருக்கு அந்தியேட்டிச் சடங்கும் செஞ்சு முடிச்சாங்க. நான் போகல்ல. அண்டையோட கதை பேச்சு இல்ல. மச்சாள் செத்ததுக்கும் என்னைக் கூப்பிடல்ல."

ஒப்பாரி செத்தவருக்குத்தான் என்பது இந்த ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். உயிரோடு இருப்பவருக்கு வைத்தால் அவருக்கே கேடு என்பார்கள். பாட்டுகளை வகை பிரித்து அட்டவணை போட்ட எனக்கு அது தெரியாதா? அவள் காணாமற்போனவரைக் கூப்பிட்டாள். நான் அவரைச் சாகடித்து, அவள் பெயரையும் கீழே போட்டு ஊருக்குக் கொடுத்தேன். உலகத்து அழுகைப் பாடல்களை எல்லாம் ஒப்பிட்டுப் பார்க்கிற உனக்கு இதைவிட நான் சொல்லக்கூடிய புத்தி ஒன்றும் இல்லை, மகன். ஒப்பிடுவதற்கு முன்னே, பாடினவரிடம் அது என்னவென்று ஒரு வார்த்தை கேள். தாலாட்டா, ஒப்பாரியா, கூப்பாடா என்று அவர் சொல்லட்டும். பெட்டியை நீ செய்துவைத்துவிட்டு ஆளைத் தேடாதே.

கைப்பையில் கொண்டுபோன கசெற்றையும் ரெக்கோடரையும் எடுத்து வைத்தேன். அவள் வேண்டாம் என்று சொல்வாள் என்று நினைத்தேன். "போடுங்க" என்றாள். காற்று இரைந்தது. இறால் ஓடு கிண்ணத்தில் விழுகிற சத்தம் கேட்டது. முப்பது வயதுப் பூமணி படித்தாள். கிழவி கேட்டுக்கொண்டிருந்தாள். கடைசி வரி முடிந்ததும், "இதத்தான் படிச்சனான். நல்லாத்தானே கேக்குது ரீச்சர்" என்றாள். "கேட்டது பூமணி. அண்டைக்கும் கேட்டதுதான். நான் மாத்திப்போட்டன். என்னை மன்னிச்சுக்கொள்ளுங்க" என்றேன். மன்னித்தேன் என்று அவள் சொல்லவில்லை. அதை நான் கேட்டு வாங்கவும் இல்லை. உள்ளே போய் வெறும் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்து தந்தாள்.

உன்னைப் பற்றிச் சொன்னேன். நீ அங்கே இருந்து என்ன படிக்கிறாய், அவளுடைய பாட்டை எங்கே வாசிக்கப் போகிறாய் என்றெல்லாம் சொன்னேன். அந்த நாலு வரியையும் எடுத்துவிடச் சொல்கிறேன் என்றேன். அவள் கொஞ்சம் யோசித்தாள்.

"ஏன் எடுக்கிற? நீங்க எழுதினத எடுங்க. நான் படிச்சதப் போடட்டும். ஆனா மேல ஒப்பாரி எண்டு போட வேணாம்."

"அப்ப என்னெண்டு போட?"

"ஒண்டும் போட வேணாம். நான் அவருக்குச் சொன்னது, அவ்வளவுதான்."

பேரை மாற்றிப் போடலாம், ஊரையும் மாற்றலாம், இப்போது அப்படிச் செய்வதுதான் முறை, உங்களுக்கு இன்னொரு தரம் கரைச்சல் வரக்கூடாது என்று விளக்கினேன். அவள் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள்.

"என்ட பேர மாத்தினா அவருக்கு எப்பிடி விளங்கும்?"

அதனால்தான் இந்தக் கடிதத்திலும் அவள் பெயர் அப்படியே இருக்கிறது.

மகன், இதனால் உன் அத்தியாயம் சரிந்து விழும். பட்டம் ஒரு வருசம் பிந்தலாம். உன் பேராசிரியரிடம் இந்தக் கடிதத்தைக் காட்டு. மொழிபெயர்க்கும்போது என்னைக் காப்பாற்றப் பார்க்காதே. பிழை தாயுடையது என்று சொல்லு, அது உண்மை. என் மேல் உனக்குக் கோபம் வரும். வரட்டும். போன் எடுக்க மனமில்லாவிட்டால் எடுக்காமல் இரு, நான் காத்திருப்பேன். காத்திருப்பது எப்படி என்று போன செவ்வாய்க்கிழமை கொஞ்சம் பார்த்துவிட்டு வந்திருக்கிறேன். போகுமுன் எடுத்துவைத்த கசெற் பிரதியை இதனோடு அனுப்புகிறேன். மூலத்தைப் பூமணியிடமே கொடுத்துவிட்டேன். போட்டுக் கேட்க ரெக்கோடரையும் கொடுத்தேன்.

நான் கிளம்பும்போது அவள் வாசல் படலை வரைக்கும் வந்தாள். பஸ்ஸுக்கு நேரம் இருந்தது. படலையைப் பிடித்துக்கொண்டு, "உங்கட மகன் வாசிக்கிற இடத்துக்கு எத்தின நாட்டு ஆக்கள் வருவாங்க?" என்று கேட்டாள். இருபது நாட்டுக்குக் குறையாது என்றேன். அவள் முகத்தில் அன்றைக்கு முதல் தரமாக ஒரு வெளிச்சம் கண்டேன்.

"அப்ப நல்லாச் சத்தமா வாசிக்கச் சொல்லுங்க ரீச்சர். அதில ஆராவது எங்கயாவது அவரக் கண்டிருந்தா, சாறம் தச்சபடி கிடக்கு எண்டு சொல்லச் சொல்லுங்க."

இருபது நாட்டு ஆய்வாளர்களுக்கு முன்னால் நீ எழும்பி நிற்கும்போது, முதலில் அவள் சொன்ன இதை வாசி, மகன். சத்தமாக வாசி.

அம்மா